மரத்தரையும் மழைக்காலக் கதவும்

வீட்டுல மரத்தரை போடப்போறேன்னு சொன்னா எல்லாரும் கேக்கற முதல் கேள்வி, "என்ன கலர்?" ரெண்டாவது, "சதுர அடி எவ்வளவு?" கீழ இருக்கற கான்க்ரீட்ல ஈரம் எவ்வளவுன்னு மட்டும் ஒருத்தரும் கேக்க மாட்டாங்க. நான் சொல்ல வந்தது அந்த மூணாவது கேள்வியைப் பத்திதான். கொஞ்சம் நீளும், பொறுத்துக்குங்க மக்கா.

நாங்க இருக்கறது ஹூஸ்டன். ரெண்டரை வயசுப் பொண்ணுக்கு ராத்திரியானா இளைப்பு. டஸ்ட் மைட் ஒவ்வாமைன்னு பரிசோதனையில தெரிஞ்சுது. படுக்கையறை கார்ப்பெட்டை முதல்ல எடுங்கன்னு டாக்டர் சொல்லிட்டார்.

இந்த ஊர்ல பெரும்பாலான வீட்டுக்கு அடித்தளமே கான்க்ரீட் பலகம்தான். மரத்தை நேரா ஆணி அடிச்சு நிறுத்த முடியாது. ஒண்ணு, ஒட்டாம மிதக்க விடணும்; இல்லைன்னா பசை தடவி ஒட்டணும். மிதக்கற தரை நடந்தா டொக்கு டொக்குன்னு சத்தம் போடும்னு தங்கமணி ஒட்டறதுக்கே ஓட்டுப் போட்டாச்சு. பலகை எஞ்சினியர்டு வுட்: மேல நிஜ மரம், அடியில குறுக்கும் நெடுக்குமா அடுக்கின ப்ளைவுட். மரமும் எஞ்சினியர், நானும் எஞ்சினியர், ஜோடிப் பொருத்தம் பிரமாதம் :-)

பார்க்க வந்த கான்ட்ராக்டர், "ரெண்டே நாள்ல முடிச்சுடலாம்"னார். ஈரம் டெஸ்ட் பண்ணுவீங்களான்னு கேட்டேன். இத்தனை வருஷமா போடறேன், அதெல்லாம் தேவையில்லைன்னுட்டார். பொண்ணு ராத்திரி மூச்சுக்குத் திணறும்போது "ரெண்டே நாள்" எவ்வளவு ஆசை காட்டும்னு யோசிச்சுப் பாருங்க. ஆனா டெஸ்ட் பண்ணாம வெள்ளிக்கிழமை சாயங்காலம் ப்ரொடக்‌ஷன்ல ஏத்தறவங்க கதை நமக்குத் தெரியாததா?

அப்பாவுக்குப் போன் போட்டேன். கும்பகோணம் பக்கம் தச்சு வேலை பார்த்தவர். "தம்பி, ஐப்பசி மழையில நம்ம கொல்லைக் கதவு என்ன பாடு படுத்தும்? கதவையாவது கழட்டி இழைச்சுடலாம். ஒட்டின தரையை என்ன பண்ணுவே?"

விஷயம் அவ்வளவுதான். மரம் ஈரத்தைக் குடிச்சா நீளத்துல அதிகம் வளராது, அகலத்துல உப்பும். அடியில மட்டும் ஈரம் ஏறினா ஒவ்வொரு பலகையும் ஓரம் தூக்கிக் கிண்ணம் மாதிரி ஆகும். சுவரோரம் அரை இஞ்ச் இடைவெளி விடறதும் இதுக்குத்தான். அந்த இடைவெளியை ஸ்கர்ட்டிங் கட்டை மறைச்சுடும்.

கார்ப்பெட்டைப் பிய்ச்சு எறிஞ்சுட்டு, பொண்ணுக்கு ஹால்ல டைல்ஸ் மேல படுக்கை. அறையில கான்க்ரீட்டைத் தேய்ச்சு, கால்சியம் குளோரைடு உப்புத் தட்டை வெச்சு, மேல ப்ளாஸ்டிக் மூடி ஒட்டி மூணு நாள் விட்டேன். எடை எவ்வளவு கூடியிருக்கோ அவ்வளவு தண்ணி கான்க்ரீட்லேர்ந்து வந்திருக்குன்னு கணக்கு. 1000 சதுர அடிக்கு 24 மணி நேரத்துல 3 பவுண்டுன்னு ஒரு வரம்பு வழக்கமாச் சொல்வாங்க. எங்க வீட்டுல வந்தது 5. அதாவது ரெண்டு லிட்டருக்கு மேல தண்ணி, கண்ணுக்குத் தெரியாம.

அதனால ஈரத்தடுப்பும் சேர்ந்த பசையாத் தேடினேன். இன்னொரு சிக்கல், யூரிதேன் பசைகள்ல ஐசோசயனேட் இருக்கும், அது இளைப்புக்காரங்களுக்கு ஆகாது. அது இல்லாத சைலேன் வகைப் பசை விலை கூடத்தான், வாங்கிட்டேன். இருந்தாலும் தங்கமணியையும் பொண்ணையும் நாலு நாள் நண்பர் வீட்டுக்கு அனுப்பிட்டுத்தான் வாளியைத் திறந்தேன்.

வேலைன்னு பார்த்தா, 10 அடி மட்டப்பலகை வெச்சு மேடு பள்ளம் 3/16 இஞ்சுக்குள்ள இருக்கான்னு பார்த்தேன். மேட்டைத் தேய்ச்சு, பள்ளத்தை நிரவினேன். சுவர் நேரா இருக்கும்னு நம்பாம நூல் அடிச்சுக் கோடு போட்டேன். பல்லு வெச்ச கரணையால, ஒட்டி முடிக்கக்கூடிய அளவுக்கு மட்டும் பசை தடவினேன். பல் அளவு வாளி மேலயே போட்டிருக்கும். நாலஞ்சு பலகைக்கு ஒண்ணைத் தூக்கி, முதுகு முழுக்கப் பசை பட்டிருக்கான்னு பார்த்தேன். பசை விடுபட்டா ஈரத்தடுப்பும் அந்த இடத்துல இல்லைன்னு அர்த்தம். பக்கத்துப் பக்கத்து வரிசையில இணைப்புகள் 6 இஞ்சாவது தள்ளி இருக்கணும். மேல சிந்தினதை அப்பவே துடைச்சுடணும். காய்ஞ்சா கண்ட்ரோல் இசட் எல்லாம் கிடையாது.

மொத்தம் ரெண்டு வாரம் ஆச்சு. இளைப்பு போயிடுச்சான்னு கேட்டா, குறைஞ்சிருக்கு. தலையணை உறை மாத்தினது, போர்வையை வெந்நீர்ல துவைக்கறது எல்லாம் சேர்ந்த பலன், தரைக்கு மட்டும் மாலை போட முடியாது. இன்ஹேலர் இன்னும் அலமாரியிலதான் இருக்கு.

அதுக்கப்புறம் ரெண்டு பெருமழை பெய்ஞ்சாச்சு. ஒவ்வொரு தடவையும் அப்பா போன்ல கேக்கறது ஒண்ணுதான்: "ஓரம் தூக்கியிருக்கா?" இல்லப்பா.

நீங்க போடறதா இருந்தா, கலரை வீட்டுல இருக்கறவங்க முடிவு பண்ணட்டும். ஈரத்தை மட்டும் அளந்துட்டு ஒட்டுங்க.