தண்ணீருக்கு முறை வைத்தவருக்கு ஒரு மடல்

பாபா சாயித் அவர்களுக்கு,

அமீரகத்து மக்கள், தங்கள் முதல் தலைவரான உங்களை அப்படித்தான் அழைக்கிறார்கள். பதினைந்து வருஷம் உங்கள் ஊர்த் தண்ணீர் குடித்த உரிமையில் நானும் அப்படியே கூப்பிட்டுக்கொள்கிறேன். முதுகுளத்தூர் பக்கத்துக் கண்மாய்க் கிராமம் ஒன்றிலிருந்து எழுதுகிறேன்.

உங்களை நேரில் பார்த்ததில்லை. உங்கள் பெயர் எனக்கு முதலில் ஒரு ரோடாகத்தான் அறிமுகம். 1996-இல் துபாயில் இறங்கிய இரவு, ஜெபல் அலி பக்கத்துக் கேம்புக்கு வேனில் போகும்போது பக்கத்தில் இருந்த மலையாளி, "ஷேக் சாயித் ரோடு. இவங்க ராஜா பேரு" என்றார். ராஜா பெயரில் ரோடு இருப்பது நமக்கென்ன புதிதா? தூங்கிவிட்டேன்.

நாலு மாதத்தில் அல் ஐனுக்கு மாற்றிவிட்டார்கள். ரோட்டோர மரங்களுக்குச் சொட்டுநீர்க் குழாய் போடுவது, அடைப்பு எடுப்பது. வெள்ளிக்கிழமை கேம்பில் இருக்கப் பிடிக்காமல் பேரீச்சஞ்சோலைக்குள் போய் உட்காருவேன். ஒன்றரை லட்சத்துக்குக் கொஞ்சம் குறைய மரங்கள். மண்சுவர்களுக்கு நடுவே சந்துப் பாதை, ஓரத்தில் முழ அகலக் கால்வாய். ஃபலஜ் என்றார்கள். மலையடிவாரத்தில் தாய்க்கிணறு தோண்டி, நிலத்தடி நீரை எட்டியதும், அங்கிருந்து ஊர்வரை மெல்லச் சரியும் சுரங்கம் வெட்டுவார்கள். வழிநெடுக மண் அள்ளவும் ஆள் இறங்கவும் குழிகள். ஏற்றம் இல்லை, மோட்டார் இல்லை. தண்ணீர் தானாக நடந்து வரும். அந்தப் பக்கத்தில் இந்த வித்தைக்கு மூவாயிரம் வருஷ வயது.

தண்ணீரைப் பிரித்துவிடுபவருக்கு அரீஃப் என்று பெயர். பகலில் குச்சியின் நிழலை அளந்து, இரவில் நட்சத்திரம் பார்த்து, யாருக்கு எவ்வளவு நேரம் என்று மடை மாற்றுவார். என் தாத்தா எங்கள் கண்மாய்க்கு நீர்பாய்ச்சி. அதனால் அரீஃப் என்ன பாடு படுவார் என்று எனக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. கடைமடைக்காரன் பகலில் வந்து கத்துவான். தலைமடைக்காரன் ராத்திரியில் மண்வெட்டியோடு வருவான். நீர்பாய்ச்சிக்கு ஊரில் எல்லாரும் சொந்தம், எல்லாரும் பகை.

அந்தச் சோலையில்தான் உங்கள் கதை எனக்குப் பிடிபட ஆரம்பித்தது. 1946-இல், அபுதாபி ஆட்சியாளராக இருந்த உங்கள் அண்ணன் ஷேக் ஷக்பூத், அல் ஐன் வட்டாரத்தை உங்கள் பொறுப்பில் விட்டார். கையில் காசு கிடையாது. எண்ணெய் கிடைத்தது 1958-இல். தாஸ் தீவிலிருந்து முதல் கப்பல் போனது 1962-இல். அதற்கு முன்பே ஜப்பானின் வளர்ப்பு முத்து வந்து, உங்கள் கடற்கரையின் முத்துக்குளிப்பைச் சாய்த்துவிட்டிருந்தது. சோலையிலோ தண்ணீர் சிலர் கையில். முறைத்தண்ணீரைச் சொத்தாக வைத்துக்கொண்டு காசுக்கு விற்றார்கள். வாங்க முடியாதவன் மரம் காய்ந்தது. தூர்ந்துபோன கால்வாய்களை ஆள் திரட்டித் தூர்வாரினீர்கள், நீங்களும் குழிக்குள் இறங்கினீர்கள். அல் சரூஜ் என்று புதிதாக ஒரு ஃபலஜ் வெட்டத் தொடங்கினீர்கள். முடிய ஏறத்தாழ இருபது வருஷம் ஆனது. பிறகு தண்ணீருக்குக் காசு இல்லை என்றீர்கள். உங்கள் குடும்பத்துப் பங்கைத்தான் முதலில் விட்டுக்கொடுத்தீர்கள். என் தாத்தா இதைக் கேட்டிருந்தால் நம்பியிருக்க மாட்டார். தலைமடைக்காரன் தானாக மடையைத் திறந்துவிட்டதை அவர் பார்த்ததே இல்லை.

1948-இல் பாலைவனம் கடந்து அல் ஐனுக்கு வந்த தெசிகர் என்ற ஆங்கிலேயப் பயணி, கோட்டைக்கு வெளியே மரத்தடியில், மணலில், கூட்டத்தோடு கூட்டமாக உட்கார்ந்திருந்த உங்களைப் பார்த்திருக்கிறார். ஒட்டகத் தகராறு, தண்ணீர்த் தகராறு எல்லாம் அந்த மரத்தடிக்கு வந்தன. அபுதாபி ஆட்சியாளர் ஆகும் முன் இருபது வருஷம் நீங்கள் பார்த்தது நீர்பாய்ச்சி வேலை. எண்ணெய்ப் பணம்தான் உங்களைப் பெரியவராக்கியது என்று சொல்பவர்களோடு நான் கேம்பில் சண்டையே போட்டிருக்கிறேன். பணம் வந்த இடங்கள் உலகத்தில் எத்தனையோ.

இன்னொன்று உங்கள் வீட்டுக் கதை. உங்கள் தந்தை ஷேக் சுல்தான் 1922-இல் தன் அண்ணனைக் கொன்று ஆட்சிக்கு வந்தார். 1926-இல் தன் தம்பியால் கொல்லப்பட்டார். அந்தத் தம்பியும் 1928-இல் கொல்லப்பட்டார். நீங்கள் 1918-இல் பிறந்தவர். எல்லாம் உங்களுக்குப் பத்து வயது முடிவதற்குள். உங்கள் தாயார் ஷேக்கா சலாமா, ஒருவரை ஒருவர் கொல்வதில்லை என்று நாலு பிள்ளைகளிடமும் சத்தியம் வாங்கினார். 1966 ஆகஸ்ட் 6-இல் குடும்பத்தார் கூடி, வந்த பணத்தைச் செலவழிக்க மனம் வராத அண்ணனை இறக்கி உங்களை ஏற்றினார்கள். பிரிட்டிஷார் துணை இருந்தது, அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் ரத்தம் சிந்தவில்லை. அண்ணன் பின்னாளில் திரும்பி வந்து, அதே அல் ஐனில் 1989 வரை வாழ்ந்து முடித்தார். ஆட்சியை இழந்தவர் ஜெயித்தவனின் ஊரில் முதுமை காண்பது எந்த வரலாற்றிலும் அபூர்வம். அந்த நன்றி உங்கள் தாயாருக்குச் சேர வேண்டும்.

இடையில் ஒன்று சொல்லிக்கொள்கிறேன். நீங்கள் ஆட்சிக்கு வந்த 1966 வரை உங்கள் ஊர்ச் சந்தையில் ஓடியது எங்கள் ரிசர்வ் வங்கி அச்சிட்ட வளைகுடா ரூபாய். அந்த ஜூனில் இந்தியா ரூபாய் மதிப்பைக் குறைத்ததும் அதைக் கைவிட்டீர்கள். ஏழே வருஷத்தில் திர்ஹம் வந்தது. அதைத் தேடி நாங்களும் வந்தோம்.

1968 ஜனவரியில் பிரிட்டன், 1971 முடிவுக்குள் வளைகுடாவை விட்டுப் போவதாக அறிவித்தது. படைச் செலவை நாங்களே தருகிறோம், இருங்கள் என்றுகூடக் கேட்டுப் பார்த்தீர்கள். நடக்கவில்லை. பிப்ரவரி 18-ஆம் தேதி அபுதாபிக்கும் துபாய்க்கும் நடுவில் பாலைவனத்தில் ஒரு கூடாரம். நீங்களும் துபாயின் ஷேக் ராஷித்தும். இருபது வருஷத்துக்கு முன் எல்லைக்காகத் துப்பாக்கி தூக்கிய இரண்டு ஊர்கள் அவை. அன்றைக்கு எல்லைத் தகராறு தீர்ந்தது, கடல் எல்லையில் துபாய்க்கு அனுகூலமாக நீங்கள் இறங்கி வந்தீர்கள், கூட்டாட்சிக்கு அடி போட்டீர்கள். அதன்பின் ஏறத்தாழ நாலு வருஷம் இழுத்தது. ஒன்பது ஊர் சேர்வதாகப் பேச்சு. பஹ்ரைனும் கத்தாரும் தனியே போயின. 1971 நவம்பர் 30-இல் ஈரான், வளைகுடாவின் சர்ச்சைக்குரிய தீவுகளில் படையை இறக்கியது. டிசம்பர் 2-இல் ஜுமைராவில் கொடி ஏறியபோது இருந்தது ஆறு ஊர்தான். ராஸ் அல் கைமா அடுத்த பிப்ரவரியில் சேர்ந்தது. வராதவர்களைத் துரத்திப் பிடிக்கவில்லை, வந்தவர்களை விடவும் இல்லை. செலவில் பெரும்பங்கை உங்கள் அபுதாபி ஏற்றது. பணம் வைத்திருப்பவன் தலைமடைக்காரன். அவன் முதலில் திறந்துவிட்டால்தான் கடைமடை நம்பும் என்று உங்களுக்குத் தெரிந்திருந்தது.

எப்போதும் நயமாகவே இருந்தீர்கள் என்றும் சொல்ல முடியாது. 1976-இல், அதிகாரத்தைக் கூட்டாட்சிக்கு விட மற்றவர்கள் தயங்கியபோது, மறுபடி தலைவராக இருக்க மாட்டேன் என்று முரண்டு பிடித்தீர்கள். தற்காலிகம் என்று எழுதிய அரசியல் சட்டம் 25 வருஷம் தற்காலிகமாகவே ஓடி, நான் வந்திறங்கிய 1996-இல்தான் நிரந்தரமானது.

நன்றி சொல்ல வந்தவன் மனக்குறையையும் சொல்லலாமா? எங்கள் ஊரில் சொல்லுவோம். உங்கள் சபையில் எந்தப் பாலைவன நாடோடியும் நேரே வந்து குறை சொல்லலாம் என்பார்கள். கேம்பிலிருந்து அந்தச் சபைக்கு வழி இல்லை. என் முதல் கான்ட்ராக்டர் என் பாஸ்போர்ட்டைப் பெட்டியில் பூட்டி வைத்துக்கொண்டு, மூன்று மாதச் சம்பளத்தை இன்று நாளை என்று இழுத்தடித்தான். உங்கள் நாட்டில் கட்சி கிடையாது, உங்களுக்கு எதிரே நின்று கேட்க யாருக்கும் ஓட்டும் கிடையாது. நீங்கள் நல்லவராக இருந்தது மக்களின் அதிர்ஷ்டம்; அதிர்ஷ்டத்தை நம்பி ஒரு நாடு இருக்கலாமா என்பதில் எனக்கு இன்றும் சந்தேகம்தான். தண்ணீர்க்காரனாக இன்னொன்று: பாலையைப் பச்சையாக்கும் ஆசையில் பூமிக்கு அடியில் இருந்ததை ஏகமாக உறிஞ்சிவிட்டோம். குழாய் போட்டவர்களில் நானும் ஒருவன். நிலத்தடி நீர் இறங்கி, நீங்கள் தூர்வாரிய கால்வாய்கள் பலவற்றில் இப்போது ஓடுவது ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீர்.

ஆனாலும் நன்றி பெரிது. என் வீட்டுக் கூரை ஓடிலிருந்து தளமானது, தங்கை கல்யாணம், மகள் படிப்பு எல்லாம் அந்தச் சொட்டுநீரில் வந்தவை. எனக்கு அதைவிடப் பெரிதாகத் தோன்றுவது மாரிப் அணை. ஏமன் நாட்டில் ஆயிரத்து நானூறு வருஷத்துக்கு முன் உடைந்துபோன அணை அது. அந்த ஊரிலிருந்து பெயர்ந்தவர்கள் உங்கள் முன்னோர் என்று ஒரு வழக்கு உண்டு. அங்கே உங்கள் செலவில் புது அணை எழுந்து 1986-இல் திறக்கப்பட்டது. முன்னோர் ஊரை மறக்காமல் இருப்பவர்கள் உண்டு. அங்கே போய் மடை கட்டிக் கொடுத்தவரை நான் உங்களைத் தவிர அறியேன்.

2004 நவம்பர் 2. ரமலான் மாதம். கேம்பு டிவியில் எந்தச் சேனலைத் திருப்பினாலும் குர்ஆன் ஓதுதல். எங்கள் சமையற்காரர், பட்கலைச் சேர்ந்தவர், அடுப்பை அணைத்துவிட்டு வெளியே போய் உட்கார்ந்துவிட்டார். அன்றிரவு நாங்கள் வெறும் குப்பூஸும் தயிரும் தின்றோம். அபுதாபியில் உங்கள் பெயரில் கட்டி முடியாமல் நின்ற பெரிய பள்ளிவாசலின் வளாகத்தில் மறுநாள் உங்களை அடக்கம் செய்தார்கள். நாற்பது நாள் துக்கம். 2011-இல் விசா கேன்சல் செய்துவிட்டுக் கிளம்பும் வாரம் அங்கே போனேன். ஆள் மாற்றி ஆள், இரவும் பகலும் ஓதிக்கொண்டே இருக்கிறார்கள். ஓரமாகக் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு அல் ஐன் பஸ் பிடித்தேன்.

இப்படிக்கு,
ஒரு நீர்பாய்ச்சியின் பேரன்.

பின்குறிப்பு, வாசிப்பவர்களுக்கு: அமீரகத்தில் வேலையில் இருந்தால் ஒரு விடுமுறை நாளில் அல் ஐன் சோலைக்குள் போய், கால்வாயில் கையை நனைத்துவிட்டு வாருங்கள். நுழைவுக் கட்டணம் கிடையாது.