விழுந்தவர் யார்?

திரையரங்கிலே கதாநாயகன் ஓடும் குதிரையிலிருந்து பாயும்போது நாம் கைதட்டுகின்றோம். அக்கைதட்டல் பெரும்பாலும் பாய்ந்தவரைச் சென்று சேர்வதில்லை. உடலை வருத்துபவர் ஒருவர். புகழை அறுவடை செய்பவர் வேறொருவர். உழைப்பும் அதன் பலனும் பிரிந்து நிற்கும் சமுதாய அமைப்பின் சிறியதோர் உருவத்தை இங்கே காண்கின்றோம். அமெரிக்கத் திரையுலகிற் சாகசக் கலைஞராகவும் துணை நடிகராகவும் விளங்கிய யக்கிமா கனட் என்பாரின் வாழ்க்கை இதற்குத் தக்க சான்றாகும்.

1895ஆம் ஆண்டு வாஷிங்டன் மாநிலத்திலே பிறந்த கனட், முரட்டுக் குதிரைகளை அடக்கும் போட்டிகளிற் பெயர் பெற்றவர். 1920களில் மௌனப் படங்களின் கதாநாயகனாகவும் தோன்றினார். பின்னர் பேசும் படம் வந்தது. நோயினாற் கெட்டிருந்த அவரது குரல் புதிய கருவிக்கு ஒத்துவரவில்லை. வில்லனின் அடியாளாக வருவதும் கதாநாயகனுக்குப் பதிலாக விழுவதுமே அவருக்கு எஞ்சின. யந்திரம் மாறும்போது தொழிலாளியின் பழைய நிலை பறிபோவதற்குத் திரையுலகும் விலக்கன்று.

1939இல் ஜோன் ஃபோர்ட் நெறிப்படுத்திய 'ஸ்டேஜ்கோச்' படத்திலே அப்பாச்சி வீரனொருவன் வண்டியின் முன்குதிரைகள்மீது தாவுகிறான், சுடப்படுகிறான், குதிரைகளின் நடுவே தரையில் வீழ, வண்டி முழுவதும் அவனைக் கடந்து செல்கிறது. அவ்வாறு வீழ்ந்தவர் கனட். அதே துரத்தலிலே ஜோன் வெய்னுக்குப் பதிலாகக் குதிரைக்குக் குதிரை தாவியவரும் அவரே. 'கோன் வித் த விண்ட்' என்ற படமும் அவ்வாண்டிலேயே வெளிவந்தது. அதில் எரியும் நகரினூடே கிளார்க் கேபிளுக்குப் பதிலாக வண்டியோட்டிய அவர், கதாநாயகியைத் தாக்கும் முரடனாகவும் நடித்தார். காப்பவன், கெடுப்பவன் என்னும் இரு வேடங்களுக்கும் ஓர் உடலே வாடகைக்குக் கொள்ளப்பட்டது.

அப்படங்களின் பொய்ம்மையையும் நாம் மறைத்தலாகாது. மண்ணைப் பறிகொடுத்த பழங்குடியினரைக் கொடியோராகவே காட்டிய காட்சிகளுக்கும் அவர் உழைப்புப் பயன்பட்டது. ஓடும் குதிரையின் முன்கால்களிற் கம்பி பிணைத்து வீழ்த்தும் முறையை அவரும் கையாண்டார். குதிரைகள் பலவற்றின் உயிரைக் குடித்த முறை அது.

எனினும், கனட்டின் உண்மைப் பெருமை துணிச்சலில் இல்லை. ஆபத்தைக் குறைத்ததிலேயே உள்ளது. முகத்திற் படாது விலகிச் செல்லும் குத்தைப் பட்டதுபோலக் காட்டும்படி கமராவை நிறுத்தும் சண்டை முறையை வெய்னுடன் சேர்ந்து வளர்த்தார். விழும்போது கால் சிக்காதிருக்கத் தனி அங்கவடியை அமைத்தார். 1959இல் வெளிவந்த 'பென்ஹர்' படத்தின் தேரோட்டத்தை அன்ட்ரூ மார்ட்டனுடன் சேர்ந்து உருவாக்கியவரும் அவரே. அதில் ஹெஸ்டனுக்குப் பதிலாகத் தேரோட்டிய அவர் மகன் ஜோ, தேரின் முன்புறமாகத் தூக்கியெறியப்பட்டும் தாடையிற் காயத்துடன் தப்பினார். உயிர்கள் பலியாயின என்ற கதை பரவியது. உண்மையில் எவரும் இறக்கவில்லை.

அப்படத்துக்கு 11 ஒஸ்கார் விருதுகள் கிடைத்தன. சாகசத் தொழிலுக்கோ விருதுப் பிரிவே இருக்கவில்லை. 1967இற் கனட்டுக்குச் சிறப்பு ஒஸ்கார் அளிக்கப்பட்டபோது, அவருடைய பாதுகாப்புச் சாதனங்களும் குறிப்பிட்டுப் போற்றப்பட்டன. 1986இல் அவர் மறைந்தார். சாகச வடிவமைப்புக்குத் தனி விருதென்னும் முடிவு 2025இலேதான் அறிவிக்கப்பட்டது; 2027இன் படங்களுக்கு 2028இல் அது வழங்கப்படுமென்பது அறிவிப்பு. முதல் ஒஸ்கார் விழா 1929இல் நிகழ்ந்ததென்பதை நினைவிற் கொண்டால் இத்தாமதத்தின் நீளம் விளங்கும்.

இதனைத் தொலைதேசத்துக் கதையெனத் தள்ளிவிட முடியாது. 2025 ஜூலையிலே நாகப்பட்டினம் மாவட்டத்தில் தமிழ்ப் படமொன்றின் படப்பிடிப்பின்போது, கார்ச் சாகசத்தில் ஈடுபட்ட கலைஞரொருவர் உயிரிழந்தார். திரைவீரனையே நாட்டின் தலைவனாகவும் வரித்துக்கொண்ட பழக்கம் தமிழர்க்கு உண்டு. பிறர் பாய்ந்த பாய்ச்சலும் அவ்வீரனின் கணக்கிலேயே எழுதப்பட்டது.

ஆதலின், கலையை மாணவருக்கு எடுத்துரைக்கும் நாம் நடித்தவரின் பெயரோடு நின்றுவிடலாகாது. விழுந்தவர் யார், அவருக்கு என்ன கூலி கிடைத்தது, அவரைக் காக்க என்ன ஏற்பாடு இருந்தது என்பவற்றையும் கேட்கப் பழக்குவோமாக. சாவை மதியாத வீரமென்று நாம் புகழ்வது, சில வேளைகளிலே, முதலாளி செலவிட மறுத்த பாதுகாப்பின் மறுபெயராகவும் இருத்தல் கூடும்.