ரவியின் புத்தகம்

மெல்பர்னில் எந்தப் புறநகர் நூலகத்துக்குப் போனாலும் ‘ட்ரூ கிரைம்’ என்று ஓர் அலமாரி இருக்கும். நடந்த கொலைகள், இருந்த கொலைகாரர்கள். ஒரு குருவின் காலடியில் நடந்த கொலையைப் பற்றிய புத்தகம் என்றால் என் கை தானாக அங்கே போய்விடும். பகலெல்லாம் கணினி ஆலோசனை சொல்லிவிட்டு வந்து இரவில் இதைப் படித்தால் எப்படித் தூக்கம் வரும் என்று மனைவி கேட்பாள். நியாயமான கேள்விதான்.

என் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. பெரிய கணினி அமைப்பு ஒன்று படுத்து எழுந்தால், மறுவாரம் எல்லோரும் உட்கார்ந்து ஓர் அறிக்கை எழுதுவோம். பழி சுமத்துவது அதன் நோக்கமல்ல. முதல் எச்சரிக்கை எப்போது வந்தது? அதைப் பார்த்தவர் யார்? அவர் ஏன் சொல்லவில்லை? சொன்னார் என்றால் ஏன் யாரும் காதில் வாங்கவில்லை? இந்தப் புத்தகங்களையும் நான் அப்படித்தான் படிக்கிறேன். குருவின் கண்ணில் இருந்த காந்தம் எனக்கு முக்கியமில்லை. மணி எங்கே அடித்தது, அதை யார் நிறுத்தினார்கள் என்பதே முக்கியம்.

பெரும்பாலான புத்தகங்கள் குருவின் கண்ணைவிட்டு நகர்வதே இல்லை. 1969 ஆகஸ்டில் லாஸ் ஏஞ்சலிஸில் சார்லஸ் மேன்சனின் சீடர்கள் இரண்டு இரவுகளில் ஏழு பேரைக் கொன்றார்கள். அந்த வழக்கை நடத்திய அரசு வழக்கறிஞர் வின்சென்ட் புக்லியோசி, கர்ட் ஜென்ட்ரியுடன் சேர்ந்து 1974-இல் எழுதிய ‘ஹெல்டர் ஸ்கெல்டர்’தான் இந்த வகை எழுத்துக்குத் தாய்ப் புத்தகம் எனலாம். மேன்சன் என்ற பெயர் உலகத்துக்கே தெரியும். முதல் இரவில் முதலில் இறந்த ஸ்டீவன் பேரன்ட் என்ற பெயர் எத்தனை பேருக்குத் தெரியும்? வயது 18. அந்த வீட்டைப் பார்த்துக்கொண்டிருந்த இளைஞனிடம் கடிகார ரேடியோ ஒன்றை விற்க முடியுமா என்று பார்க்க வந்தவன். விற்கவில்லை. காரில் திரும்பும்போது சுடப்பட்டான். கடிகார ரேடியோ விற்க வந்த பையனுக்குச் சில பக்கங்கள், கொல்லச் சொன்னவனுக்கு மொத்தப் புத்தகம்.

மெல்பர்னுக்கும் இதில் சொந்தமாக ஓர் அத்தியாயம் உண்டு. ஆன் ஹாமில்டன்-பைர்ன் என்ற யோகா ஆசிரியை, 1960களில் டாண்டினாங் மலைப்பகுதியில் ‘தி ஃபேமிலி’ என்ற குழுவைக் கட்டினார். மெல்பர்ன் பல்கலைக்கழகத்தின் குவீன்ஸ் கல்லூரித் தலைவராக இருந்த இயற்பியலாளர் ரேனர் ஜான்சன் முதல் மனநல மருத்துவர்கள், செவிலியர்கள் வரை அதில் இருந்தார்கள். பல குழந்தைகளைத் தன் பிள்ளைகள் என்று சொல்லி, ஒரே மாதிரி முடியை வெளுக்கவைத்து, ஐல்டன் ஏரிக்கரை வீடொன்றில் வெளியுலகம் தெரியாமல் வளர்த்தார்கள். பட்டினி, அடி, வயது வந்ததும் எல்.எஸ்.டி. குழுவிலிருந்து வெளியேற்றப்பட்ட சாரா என்ற இளம்பெண் வாய் திறந்த பிறகுதான், 1987 ஆகஸ்ட் 14 அன்று போலீஸ் உள்ளே நுழைந்தது. கடைசியில் ஹாமில்டன்-பைர்னுக்கும் அவர் கணவருக்கும் கிடைத்த தண்டனை, பொய்யான பிறப்புப் பதிவுக்காகத் தலா 5,000 டாலர் அபராதம். ஆனால் சாரா 1995-இல் தன் கதையைத் தானே எழுதினார். நீதிமன்றம் கொடுக்காததில் கொஞ்சத்தை அந்தப் புத்தகம் கொடுத்தது என்று நினைக்கிறேன்.

இந்த மாதிரிக் கதைகளைக் காதில் மாட்டிக்கொண்டு வீட்டுப்பாடம் செய்கிற தலைமுறை என் மகளுடையது. ஒருநாள் அவள் கேட்டாள்: “நம்ம ஆளுங்கள்ல இப்படி யாருமே இல்லையாப்பா?”

இருந்தார்கள். அதுவும் என் ஊருக்குப் பக்கத்திலேயே.

1994-இல் நான் திருச்சியில் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தேன். அந்த ஆண்டின் கடைசி மாதங்களில் பெட்டிக்கடைகளில் தொங்கிய செய்தித் தாள்களிலெல்லாம் ஒரே முகம்: சுருட்டை முடி, காவி, புன்னகை. பெரியவர்கள் எங்களைக் கண்டதும் பேச்சை நிறுத்துவார்கள். பிரேமானந்தா. இலங்கை மாத்தளையில் 1951-இல் பிறந்தவர். கையிலிருந்து விபூதி வரவழைப்பார், சிவராத்திரியன்று வாயிலிருந்து லிங்கம் எடுப்பார். 1983 கலவரத்துக்குப் பின் தமிழ்நாட்டுக்கு வந்து, திருச்சிக்குத் தெற்கே பாத்திமா நகரில் பெரிய ஆசிரமம் அமைத்தார். அங்கிருந்து தப்பி வந்த பெண்கள் பேசத் தொடங்கியதும் கைது செய்யப்பட்டார். பதின்மூன்று பெண்களை வன்கொடுமை செய்தது, ரவி என்ற இலங்கைத் தமிழரைக் கொன்றது ஆகியவை முக்கியக் குற்றச்சாட்டுகள்.

ராம் ஜெத்மலானி அவருக்காக வாதாடினார். கலைக்கப்பட்ட ஒரு கருவின் மரபணுச் சோதனை அரசுத் தரப்புக்குப் பெரிய பலமாக இருந்தது. ஹைதராபாத் ஆய்வகத்தின் லால்ஜி சிங் இந்தியாவுக்குக் கொண்டுவந்த அந்த முறை, நம் நீதிமன்றங்களுக்கு அன்று புதிது. 1997 ஆகஸ்டில் புதுக்கோட்டை நீதிமன்றத்தில் நீதிபதி ஆர். பானுமதி இரட்டை ஆயுள் தண்டனை விதித்தார். ஒன்று முடிந்த பிறகு மற்றது. பின்னாளில் உச்ச நீதிமன்ற நீதிபதியானவர் அவர். 2002-இல் உயர் நீதிமன்றமும் 2005-இல் உச்ச நீதிமன்றமும் தீர்ப்பை உறுதி செய்தன. 2011 பிப்ரவரியில், தண்டனைக் காலம் முடியாமலே, பிரேமானந்தா இறந்தார்.

தமிழ்நாட்டில் நாங்கள் இதைப் ‘போலிச் சாமியார்’ கதையாகவே படித்தோம். அடுத்த சாமியார் மாட்டியதும் இவரை மறந்தோம். அந்தப் பெண்களில் பலர் போரில் வீடிழந்தவர்கள், பெற்றோரை இழந்தவர்கள் என்பது செய்தியின் ஓரத்தில் ஒரு வரி. அது ஓரத்து வரி இல்லை, அதுதான் கதை என்பது மெல்பர்ன் வந்த பிறகுதான் எனக்கு உறைத்தது.

முதுகலை படிக்க வந்த இடத்தில் சந்தித்தவள் என் மனைவி, யாழ்ப்பாணத்துக்காரி. அவளுடைய உறவில் ஒரு பெரியம்மாவின் சாமியறையில், முருகனுக்கும் சாய்பாபாவுக்கும் நடுவில் அந்தச் சுருட்டை முடியைப் பார்த்தேன். பெரியம்மா நல்லவர். ஊரிலிருந்து யார் வந்தாலும் முதல் மாதம் அவர் வீட்டில்தான் சாப்பாடு. நான் படத்தைப் பார்த்துக்கொண்டே நிற்பதைக் கவனித்துவிட்டு அவராகவே சொன்னார்: “அது கட்டின கேஸ், தம்பி.” மூன்று நீதிமன்றங்கள், மரபணு என்று நான் மெதுவாகச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு கேட்டார்: “சரி, நீங்கள் சொல்லுறது உண்மையெண்டே வைப்பம். அண்டைக்கு அந்தப் பிள்ளையளுக்கு ஆர் சோறு போட்டது? உங்கட அரசாங்கமே?”

என்னிடம் பதில் இல்லை. அவர் முதலில் சொன்னதை மூன்று நீதிமன்றங்களின் தீர்ப்புகளும் மறுக்கின்றன. இரண்டாவதாகக் கேட்டதை எந்தத் தீர்ப்பும் தொடவில்லை.

ஆங்கிலப் புத்தகங்கள் ஓயாமல் கேட்கிற கேள்வி, ‘இவ்வளவு பேர் எப்படி நம்பினார்கள்?’ மனவசியம், போதைமருந்து, தூக்கமின்மை என்று பதில்களும் வைத்திருக்கின்றன. பாத்திமா நகருக்கு அந்தக் கேள்வி பொருந்தாது. பத்து வயதில் கடல் தாண்டிக் கொண்டுவரப்பட்ட பிள்ளையிடம் நம்புகிறாயா என்று யாரும் கேட்கவில்லை. கூரை இருந்தது, தட்டில் சோறு இருந்தது, பள்ளிக்கூடம் இருந்தது. அந்த வாசலுக்கு வெளியே அகதி முகாம். நம்மிடம் அதற்கு ஒரு பழைய சொல் உண்டு: செஞ்சோற்றுக் கடன். கர்ணனைத் தப்பான பக்கத்தில் கடைசிவரை நிறுத்திவைத்த கடன். நாம் அவனை அதற்காகவே கொண்டாடுகிறோம். சோறு போட்டவருக்கு எதிராகப் பேசாதே என்று தாலாட்டிலிருந்தே கற்றுக்கொடுக்கிற சமூகத்தில், எச்சரிக்கை மணியை அணைக்கத் தனியாக ஓர் ஆள் தேவையில்லை.

அதனால்தான் ரவி எனக்கு முக்கியமாகப் படுகிறார். ஆசிரமத்தில் நடப்பதை வெளியே சொல்லிவிடுவார் என்பதற்காகவே அவரைக் கொன்றார்கள் என்பது அரசுத் தரப்பு வழக்கு. கொலைக் குற்றம் உறுதியானது. அவரும் அதே சோற்றைத் தின்றவர். ஆனாலும் கடன் இதுவரைதான், இதற்கு மேல் இல்லை என்று எங்கோ ஒரு கோடு போட்டிருக்கிறார். என் தொழில் மொழியில் சொன்னால், மணி அடித்தது. அடித்தவரைப் புதைத்தார்கள்.

பெரியம்மாவின் சாமியறையோடு இது முடிந்துவிடவில்லை. இலங்கை உச்ச நீதிமன்ற நீதிபதியாக இருந்து, பின்னர் வட மாகாண முதலமைச்சரான சி.வி. விக்னேஸ்வரன், தான் பிரேமானந்தாவின் பக்தர் என்பதை ஒருபோதும் மறைத்ததில்லை. அவருடன் தண்டிக்கப்பட்டவர்களை விடுவிக்கக் கேட்டு இந்தியப் பிரதமருக்குக் கடிதமும் எழுதினார். குருவுக்கு இன்றும் ஆசிரமம் இருக்கிறது, கடல் கடந்து பக்தர்கள் இருக்கிறார்கள், படங்கள் இருக்கின்றன. ரவிக்கு என் அலமாரியில் இருப்பது உச்ச நீதிமன்றத் தீர்ப்பின் அச்சுப்பிரதி ஒன்று மட்டுமே. அந்தப் பெண்கள் அதில் பெரும்பாலும் அரசுத் தரப்புச் சாட்சிகளாக, எண்களாக வருகிறார்கள்.

வேறு மாதிரியும் எழுத முடியும். ஆம் ஷின்ரிக்யோ என்ற ஜப்பானியக் குழு, மேற்கு ஆஸ்திரேலியாவின் பன்ஜவார்ன் பண்ணையில் ஆடுகள்மீது சாரின் நச்சைச் சோதித்துப் பார்த்தது. பிறகு 1995 மார்ச் 20 அன்று டோக்கியோ சுரங்க ரயில்களில் அதைப் பரப்பியது. ஊடகங்கள் குருவையே சுற்றிவந்தபோது, ஹாருகி முரகாமி ரயிலில் இருந்தவர்களைத் தேடிப் போனார். 1997-இல் வந்த அவருடைய ‘அண்டர்கிரவுண்ட்’ நூலில் அவர்கள் எங்கே பிறந்தார்கள், என்ன வேலை பார்த்தார்கள், அன்று ஏன் அந்த ரயிலில் ஏறினார்கள் என்பதெல்லாம் இருக்கிறது. இறந்தவர்களும் தப்பியவர்களும் அந்தப் பக்கங்களில் முழு மனிதர்கள்.

ரவிக்கு அப்படி ஒரு புத்தகம் எழுதப்பட்டால், அது பாத்திமா நகரில் தொடங்கக் கூடாது. அவர் பிறந்த தெருவில் தொடங்க வேண்டும். யாருக்குக் கடிதம் எழுதினார், அந்தக் கடிதங்கள் நின்றபோது யார் தபால்காரரைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள் என்பதெல்லாம் அதில் இருக்க வேண்டும். விபூதியும் லிங்கமும் ஒரு பக்கத்துக்கு மேல் வரத் தேவையில்லை.

அந்தப் பெண்களுக்கு இன்று ஏறக்குறைய என் வயதுதான் இருக்கும். ஊரிலோ, டொரொன்டோவிலோ, பாரிஸிலோ, ஏன், இங்கே மெல்பர்னிலோ கூட அவர்களில் ஒருவர் பிள்ளையை நடன வகுப்பில் விட்டுவிட்டுக் காரில் காத்திருக்கலாம். பேசுங்கள் என்று கேட்கும் உரிமை யாருக்கும் இல்லை. ஆனால் சோறு போட்டது யார் என்ற கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டியவர் அவரில்லை. போடாதிருந்த நாம்தான்.