முற்றெச்சம்

சென்ற ஆயுத பூஜை விடுமுறையில், ஃபேர்லேண்ட்ஸில் உள்ள எம் இல்லத்து மாடிச் சன்னலருகே அமர்ந்து, மாலை ஐந்து மணியளவில் யான் ஓர் உலகத்தின் வாகையனானேன். அதனைக் கண்டவர் எவரும் இலர். அன்னையார் அடுக்களையில் இருந்தார்; தங்கை கணக்குப் போட்டுக்கொண்டிருந்தாள்; சேர்வராயன் மலைமேல் மழை இறங்கிக்கொண்டிருந்தது. என் கையிலிருந்த சிறு பொறியின் திரையில் என்னுடைய ஆறு விலங்குகளும் ஒவ்வொன்றாக வந்து நின்றன, பின்னர் ஆட்டத்தை ஆக்கியோர் பெயர்கள் மேலெழுந்து மறைந்தன, இசை ஓய்ந்தது. மீண்டும் பொறியை இயக்கியபோது, கதைத் தலைவன் தான் பிறந்த சிற்றூரிலே, யாதும் நிகழாதவனைப் போல நின்றுகொண்டிருந்தான். எட்டு முத்திரைகளை வென்று, நால்வரை முறியடித்து, இறுதியில் தன் அண்டை வீட்டுப் பகைவனையும் வீழ்த்தியவன் அவன். இனி அவன் என் செய்வான்? அவனை நடத்தும் யான்தான் என் செய்வேன்?

தமிழ் ஆனர்ஸ் வகுப்பிற் பயில்வான் ஒருவனுக்கு இது தகும் பொருளோ என்று இம்மலரைப் புரட்டும் அன்பர் சிலர் புருவம் நெரிக்கலாம். யானும் முதலில் அவ்வாறே நாணினேன். ஆயினும் இவ்வாண்டு என் உள்ளத்தை உண்மையிலே அலைத்த பொருள் இதுவாதலின், பிறிதொன்றை எழுதுவது பொய்யாகும்.

ஆட்டத்தை அறியாதார்க்குச் சில சொல்ல வேண்டும். 'போக்கிமான்' என்னும் இவ்வீடியோ விளையாட்டு ஜப்பானில் 1996ஆம் ஆண்டு பிப்ரவரி 27ஆம் நாள் வெளிவந்தது. இதனைக் கருதியவர் சதோஷி தஜிரி என்பார். டோக்கியோ நகரை அடுத்த மச்சிதாவில் வளர்ந்த அவர், சிறு பருவத்தில் வயல்களிலும் குட்டைகளிலும் பூச்சி பிடித்துத் திரிந்தவர். நகரம் பெருகவே வயலும் குட்டையும் தூர்ந்தன, பூச்சிகளும் ஒழிந்தன. பிற்காலத்தில், இரண்டு பொறிகளை இணைக்கும் ஒரு கம்பியைக் கண்டவுடன், பூச்சியொன்று அதனூடே ஊர்ந்து இப்பொறியினின்றும் அப்பொறிக்குச் செல்வதாக அவர் மனத்தே ஒரு காட்சி தோன்றிற்றாம். அக்காட்சியே இவ்வாட்டத்தின் வித்து. ஆதலின் அது தொடக்கத்திலேயே 'ரெட்', 'கிரீன்' என இரட்டைப் பதிப்பாக வந்தது. ஒன்றிலுள்ள விலங்குகள் சில மற்றொன்றில் இல்லாதவாறு அமைத்தனர். அவ்விரண்டையும் 2004இல் புதுக்கி 'ஃபயர்ரெட்', 'லீஃப்கிரீன்' என வெளியிட்டனர். சிங்கப்பூரிற் பணிபுரியும் என் சிற்றப்பா, தம் இளமைக்காலத்துக் 'கேம்பாய் அட்வான்ஸ்' பொறிகள் இரண்டையும், இவ்விரு பதிப்புகளையும், ஓர் இணைப்புக் கம்பியையும் ஒரு பழைய பிஸ்கட் டப்பாவில் இட்டு எனக்கு அளித்தார். ஃபயர்ரெட்டை யான் வைத்துக்கொண்டேன். லீஃப்கிரீனை என் தோழனிடம் கொடுத்தேன்.

தோழன் என்றது பள்ளியில் என்னோடு ஒரே பலகையில் ஒன்பது ஆண்டு அமர்ந்தவனை. அவனும் யானும் இவ்விலங்குகளோடு பழகியது அதற்கும் முற்பட்டது. 2016 டிசம்பரில் 'போக்கிமான் கோ' என்னும் கைப்பேசி ஆட்டம் இந்தியாவிற்கு முறைப்படி வந்தது. அப்போது எமக்குப் பத்து வயது. என் அன்னையாரின் கைப்பேசியை இரந்து பெற்றுக்கொண்டு, கண்ணங்குறிச்சி மூக்கனேரி வரையில் இருவரும் நடந்தோம். ஏரியிலே எமக்குக் கிடைத்த போக்கிமான் யாது என்று இப்போது நினைவில்லை. ஏரி நடுவிலுள்ள மண் திட்டுகளில் நீர்க்காகங்கள் சிறகு விரித்துக் காய்ந்தது மட்டும் நினைவிருக்கிறது. கைப்பேசியில் மின்னூட்டம் தீர்ந்துபோக, வீட்டில் இருவர்க்கும் வசை கிடைத்தது.

இனிக் கதை முடிந்தபின் செய்வனவற்றைக் கூறுவேன். 'கதை முடிந்தது, கத்தரிக்காய் காய்த்தது' என்று பாட்டிமார் எழுந்துவிடுவர். ஆனால் இவ்வாட்டம் அவ்வாறு எழுந்துவிடுவதில்லை. அறுபது வகை விலங்குகளை முன்னரே பிடித்து ஏட்டிற் பதிந்திருப்பானாயின், பேராசிரியர் அவ்வேட்டை விரித்து 386 வகைக்கும் இடம் செய்து தருவார். கதை நடக்கையில் ஏழு தீவுகளுள் மூன்றே கண்டவன், இப்போது எஞ்சிய நான்கிற்கும் கப்பலேறலாம். முதல் தீவில் செலியோ என்னும் ஒருவன் தொலைநாட்டோடு இணைக்கும் பொறியொன்றைச் செப்பனிட முயல்கின்றான். அதற்கு ஒரு மாணிக்கமும் ஒரு நீலமணியும் வேண்டும். (இருவகை மணி என்றவுடன், மாணிக்கப் பரலும் முத்துப் பரலும் என் நினைவிற்கு வந்தன, இஃது எம் வகுப்பாரின் நோய்.) மாணிக்கம் எரிமலையடியிற் கிடைக்கின்றது. நீலம் இருக்கும் குகையின் வாயிலிலும் உள்ளும் பார்வையற்றோர் தடவிப் படிக்கும் பிரெயில் எழுத்தில் வழி பொறித்துள்ளனர். யான் பிரெயில் எழுத்துகளை ஒரு தாளில் வரைந்து வைத்துக்கொண்டு இரண்டு மணி நேரம் உழைத்துப் படித்தேன். நீலத்தைக் கண்ட அந்நொடியிலேயே ஒரு கள்வன் அதனைக் கவர்ந்தோடினான். அவனைத் தேடி வேறொரு தீவிற்குச் சென்று மீட்க வேண்டியதாயிற்று. இவ்வளவும் செய்து பொறி செப்பமானபின்னரே மியூடூ என்னும் கொடிய விலங்கு உறையும் குகை திறக்கும். தவறாது பிடிக்கும் பந்து ஒன்று என்னிடம் எஞ்சியிருந்தமையால் அவ்வீரச் செயல் அரை நிமிடத்தில் முடிந்துவிட்டது. அதைப்பற்றி விரித்தெழுத ஒன்றுமில்லை.

இப்பகுதியை ஆடுகையில் எனக்கு ஓர் எண்ணம் உண்டாயிற்று. மதுரை எரிந்த அளவில் இளங்கோவடிகள் எழுத்தாணியைக் கீழே வைத்துவிடவில்லை. வஞ்சிக் காண்டம் என ஒன்று வைத்து, செங்குட்டுவனை இமயம் வரை அனுப்பிக் கல் கொணர்வித்தார். கம்பரோ முடி சூட்டி, வந்தோர்க்கு விடை கொடுத்து நிறுத்திக்கொண்டார். உத்தர காண்டத்தை ஒட்டக்கூத்தர் பாடினார் என்பது வழக்கு. முதலாமாண்டில் வஞ்சிக் காண்டம் எனக்குச் சுவைக்கவில்லை. கதை முடிந்தபின் வளர்த்தது என்றே கருதியிருந்தேன். தீவுகளிற் கல் தேடி அலைந்தபின் அக்கருத்தைச் சிறிது மாற்றிக்கொண்டேன். இதனை எம் ஆசிரியர் எவ்வாறு ஏற்பாரோ அறியேன்.

இனிச் சொல்லவேண்டியது ஏட்டைப் பற்றியது. மூல நாட்டின் 150 வகையையும் பதிந்தவனுக்கு ஆட்டத்தினுள்ளே ஒரு சான்றிதழ் உண்டு. அதனைப் பெற எண்ணித் தேடிய யான் விரைவில் ஒரு சுவரின்மேல் மோதினேன். வல்பிக்ஸ் என்னும் நரி என் பதிப்பில் எப்புதரிலும் இல்லை. அது லீஃப்கிரீனுக்கே உரியது. அதனினும் கடுமை உடையது வேறொன்று. காடாப்ரா, மச்சோக், கிராவலர், ஹாண்டர் என நான்கு விலங்குகள் உள. இவற்றை எத்துணைப் போரில் ஈடுபடுத்தினும் கடைசி வடிவம் எய்தா. கம்பி வழியாக மற்றொருவன் பொறிக்கு அனுப்பினால் மட்டுமே, அங்குச் சேர்ந்தவுடன் உருமாறும். இங்கு ஒரு நுட்பம் உளது. மாறிய விலங்கு கொடுத்தவனிடம் இராது, பெற்றவனிடமே இருக்கும். அவன் மனம் வைத்துத் திருப்பி அனுப்பினால்தான் உண்டு. அனுப்பாவிடின் அதனை மீட்க ஆட்டத்தில் வழி யாதும் இல்லை.

வடிவத்தால் முற்றாக நின்று, பொருளால் எச்சமாகிப் பிறிதொரு வினையைத் தழுவுவதனை முற்றெச்சம் என்பர். 'கண்டனன் மகிழ்ந்தான்' என்புழிக் 'கண்டனன்' என்பது முடிந்ததுபோற் காணப்படினும் 'கண்டு' என்றே பொருள்படும். என் ஆட்டமும் அந்நிலையில் நின்றது. தழுவ வேண்டிய வினை செவ்வாய்ப்பேட்டையில் இருந்தது.

அங்குச் செல்ல எனக்கு முகம் இல்லை. பன்னிரண்டாம் வகுப்புத் தேர்வு முடிவு வந்த நாளன்று, எம் வீட்டுப் படிக்கட்டில் இருவரும் அமர்ந்திருந்தோம். கல்லூரியிற் சேர்வதற்கு வேண்டிய மதிப்பெண் எனக்கு வந்திருந்தது. அவனும் தேறியிருந்தான், ஆனால் அவன் தந்தையார்க்குக் கண் மங்கிவந்தமையால், வெள்ளிக் கொலுசுப் பட்டறைக்கு அவன் போவதென்று வீட்டில் முடிவாகியிருந்தது. அவன் லீஃப்கிரீனில் ஐந்தாம் முத்திரையில் நின்றான். யான், "இனி உனக்குக் கொலுசுதான். இதனை நீ எங்கே முடிக்கப் போகிறாய்? எனக்கே கொடுத்துவிடு" என்றேன். சிரித்துக்கொண்டுதான் சொன்னேன். அவன் பொறியை அணைத்துச் சட்டைப் பையில் இட்டுக்கொண்டு, "அம்மாவிடம் சொல்லிவிடு" என்று எழுந்து சென்றான். அதன்பின் ஒன்றரை ஆண்டு, பண்டிகை நாள் வாழ்த்துப் படங்களைத் தவிர, எமக்குள் பேச்சில்லை.

விடுதியில் என் அறைத்தோழர் ஒருவர் எளிய வழி கூறினார். கைப்பேசியிலேயே இரண்டு போலிப் பொறிகளை நிறுவி, இரண்டு பக்கத்திலும் யானே இருந்து கொடுத்துப் பெறலாமாம். ஒரு வாரம் அதனை எண்ணிப் பார்த்தேன். வலக்கையால் இடக்கைக்குக் கொடுத்து, உடனே திரும்ப வாங்கிக்கொள்வது. சான்றிதழ் கிடைக்கும், ஐயமில்லை. ஆனால் அதனை நினைக்குந்தோறும் அப்படிக்கட்டே கண்முன் வந்தது.

கிறிஸ்துமஸுக்கு மறுநாள், அன்னையார் கொடுத்த முறுக்கும் அதிரசமும் ஒரு தூக்கிலும், கம்பி கால்சட்டைப் பையிலுமாக, நான்கு ரோடு வழியே மிதிவண்டியிற் சென்றேன். பட்டறை ஒரு சந்தினுள்ளே, மூவர் அமரும் அளவே உடையது. காற்றாடி நின்றிருந்தது, சுடர் அலையுமாதலின் வேலை நடக்கையில் அதனை ஓட்டுவதில்லை. என் தோழன் கண்ணியோடு கண்ணி சேர்த்து, பொடி வைத்து ஊதிக்கொண்டிருந்தான். ('பொடி வைத்துப் பேசுதல்' என்று நாம் எளிதாக எழுதிவிடுகிறோம். அப்பொடி எவ்வளவு சிறிது, அது உருகும் கணம் எவ்வளவு குறுகியது என்பதை அன்றுதான் கண்டேன்.) தலை நிமிராமலே, "உட்கார்; இது ஆறட்டும்" என்றான். நான்கு கண்ணி முடிந்தபின் நிமிர்ந்தான்.

"அம்மா நலமா?"

"நலம். பலகாரம் கொடுத்தார்."

அவன் தந்தையார், "வா தம்பி" என்று தூக்கை வாங்கிக்கொண்டார். யான் என்ன சொல்லித் தொடங்குவதென்று வழி நெடுக அமைத்துக்கொண்டு வந்த சொற்கள் ஒன்றும் வாயில் வரவில்லை. கம்பியை எடுத்துப் பலகைமேல் வைத்தேன். அவன் அதனைப் பார்த்தான். கை கழுவி வந்தான். சுவர்ப்பெட்டியைத் திறந்து, வெள்ளி நகை மடிக்கும் இளஞ்சிவப்புத் தாளிற் பொதிந்திருந்த ஒன்றை எடுத்தான். லீஃப்கிரீன்.

"போன ஆடியிலேயே முடித்துவிட்டேன். ஆடியில் வேலை மட்டு" என்றான்.

அப்பொறியின் திரை தானே ஒளிராதது. பகலெல்லாம் வேலை, ஆகவே இரவில் பட்டறை விளக்கின்கீழ்ச் சாய்த்துப் பிடித்து ஆடியிருக்கிறான். தீவுகளையும் மணிகளையும் முடித்திருந்தான். அந்நான்கு விலங்குகளும் அவனிடத்தும் உருமாறாமலே நின்றன. எனக்கு முன்னரே அதே சுவரின்மேல் அவன் மோதியிருக்கிறான்.

"பின் ஏன் வரவில்லை?" என்றேன்.

அவன் கம்பியின் முனையைத் துணியால் துடைத்துக்கொண்டே, "பொறி உன்னுடையது. முடித்துவிட்டேன் என்று வந்து சொன்னால் நீ திருப்பிக் கேட்பாய்" என்றான்.

யான் சொன்ன சொல்லை யான் விளையாட்டென்று மறந்திருந்தேன். அவனோ ஒன்றரை ஆண்டு அதனை உண்மையென்றே கொண்டு, இரவல் பொருளைப் போல அப்பொறியைத் தாளிற் பொதிந்து வைத்திருக்கிறான். "கேட்கமாட்டேன், அஃது உன்னுடையது" என்று சொன்னேன். சொல் தடுமாறியது. அவன் விடையாக ஒன்றும் கூறவில்லை. கம்பியைத் தன் பொறியிற் செருகி மறுமுனையை என்னிடம் நீட்டினான்.

ஆட்டத்தினுள்ளே ஒரு சிறு அறை. நடுவே ஒரு மேசை. இருபுறமும் எம் இருவர் உருவங்களும் வந்து அமர்ந்தன. யான் ஹாண்டரை அனுப்பினேன். அதற்கு ஈடாக அவன் வல்பிக்ஸை அனுப்பினான். அவன் திரையில் என் ஹாண்டர் சேர்ந்து, வெண்மையாகி, கெங்கார் என்னும் புது வடிவில் பல்லைக் காட்டி நின்றது. இருவரும் ஒரே திரைமேல் தலை கவிழ்ந்து பார்த்தோம், முறுக்கைக் கடித்துக்கொண்டே அவன் தந்தையாரும் எட்டிப் பார்த்து, "இதற்கா இவ்வளவு?" என்றார். அடுத்து அதனைத் திருப்பி அனுப்பவேண்டும்; அவனுடைய மூன்றும் என்னுடைய மூன்றும் போய்வரவேண்டும். அதற்குள் வியாபாரியிடமிருந்து அழைப்பு வந்தது. பொங்கலுக்குச் செல்லும் சரக்கு. ஏழு மணிக்குள் பன்னிரண்டு சோடியும் மெருகிற்குப் போகவேண்டும்.

"இருடா, உன்னுடையதை மட்டுமாவது அனுப்பிவிடுகிறேன்" என்றான்.

"இருக்கட்டும்" என்றேன்.

அவன் ஒரு கணம் என்னைப் பார்த்தான். பின்னர்ப் பதிந்துவைத்து, பொறியை அணைத்து, மீண்டும் அதே தாளிற் பொதிந்தான். கம்பியையும் அங்கேயே விட்டு வந்தேன்.

இவ்விலங்குகள் எவர் கைக்கு மாறினும், அவற்றின் குறிப்பில் முதன்முதற் பிடித்தவன் பெயரே நிற்கும். அன்றிரவு அவன் கைப்பேசியில் ஒரு படம் அனுப்பியிருந்தான். கெங்காரின் குறிப்புப் பக்கம். உடையான் என்னுமிடத்தில் என் பெயர். திரை மங்கலாக இருந்தது. ஓரத்தில் விளக்கின் மஞ்சளும், முடியாத கொலுசொன்றின் நுனியும் விழுந்திருந்தன. யானும் வல்பிக்ஸின் பக்கத்தைப் படமெடுத்து அவனுக்கு அனுப்பினேன். பொங்கல் விடுமுறைக்குச் சேலம் செல்லும் வண்டியில் இடம் பதிந்திருக்கிறேன்.