வழக்குல மாட்டி உயிர் பிழைச்ச படம்

1/ துரத்துற எதிரிங்க, தப்பி ஓடுற இளவரசன், மாறுவேஷத்துல வந்து காப்பாத்துற வீரன், நடுவுல ஒரு காதல். இதையெல்லாம் வசனமே இல்லாம காட்டுன ஊமைப்படங்களைப் பத்தி ஒரு திரெட். சினிமாப் பதிவு மாதிரி இருக்கும், ஆனா உங்க வீட்டுப் பழைய எக்ஸ்ரேல போய் முடியும் 🙂

2/ நான் வேலை பார்க்கறது தஞ்சாவூர்ப் பக்கம். நமக்குப் பக்கத்துப் புதுக்கோட்டைக்காரர் ராஜா சாண்டோ. உடற்பயிற்சி வீரர், பம்பாய் ஊமைப்படங்கள்ல ஹீரோ. அப்புறம் சென்னைக்கு வந்து 'பேயும் பெண்ணும்' (1930) மாதிரி படங்களை இயக்கினார். பாபநாசத்துல பிறந்த கே. சுப்ரமணியம் சினிமாவுக்குள்ள வந்ததும் இவரோடதான். இன்னிக்கு அந்தப் படத்தைப் பார்க்க வழியில்லை.

3/ ஏன்? அன்னிக்கு பிலிம் நைட்ரேட்டுல செஞ்சது. சுலபமா தீப்பிடிக்கும். எக்ஸ்ரே பிலிமும் அதே சரக்குதான். 1929 மே 15, அமெரிக்காவுல கிளீவ்லாண்ட் கிளினிக்ல எக்ஸ்ரே பிலிம் எரிஞ்சு 123 பேர் இறந்தாங்க. கொன்னது பெரும்பாலும் விஷப்புகை. நடந்து வெளிய வந்தவங்களும் சிலர் நுரையீரல்ல நீர் கோத்து அப்புறமா இறந்தாங்க.

4/ எரியாத ரீல் வெக்கையிலயும் ஈரத்துலயும் பிசுபிசுத்துப் பொடியாகும். மிச்சத்தை வெள்ளிக்காக உருக்கிட்டாங்க.

5/ தப்பிச்சதுல முக்கியமானது 'மார்த்தாண்ட வர்மா' (1933). நாகர்கோவில் சுந்தர்ராஜ் தயாரிப்பு, பி.வி. ராவ் இயக்கம், சி.வி. ராமன் பிள்ளை நாவல். செத்துட்டான்னு காட்டுல விட்டுப்போன அனந்தபத்மநாபனைப் பட்டாணி வியாபாரிங்க தூக்கிப்போய் வைத்தியம் பார்க்கறாங்க. அவனே பைத்தியக்காரன் வேஷத்துல இளவரசனைக் காப்பாத்தறான். பாருக்குட்டி அவனுக்காகக் காத்திருக்கா.

6/ படம் வந்ததும், நாவல் உரிமை வெச்சிருந்த கமலாலயா புத்தக டிப்போ வழக்கு போட்டுச்சு. படம் முடங்குச்சு, தயாரிப்பாளருக்கு நஷ்டம். ஆனா பெட்டி பதிப்பகத்துகிட்டயே பத்திரமா இருந்துச்சு. 1974ல புனே திரைப்பட ஆவணக்காப்பகம் வாங்குச்சு. ஊர் ஊரா ஓடியிருந்தா தேஞ்சே போயிருக்கும்.

7/ இப்ப நம்ம விஷயம். ஓபிக்கு வர்ற பெரியவங்க சிலர் இருபது வருஷத்து எக்ஸ்ரேவை மஞ்சப்பையில சுருட்டிட்டு வருவாங்க. "இது எதுக்கு, குப்பை"ன்னு கூட வந்த பிள்ளைங்க திட்டும். நெஞ்சுல தெரியற நிழல் ஆறிப்போன டிபி தழும்பா, புதுசா வந்ததான்னு பிரிச்சுச் சொல்ல அந்தக் குப்பை பெரிய உதவி. பழசுலயும் அதே நிழல் அப்படியே இருந்தா பாதி பயம் போயிடும்.

8/ இப்போதைய எக்ஸ்ரே பிலிம் அப்படித் தீப்பிடிக்காது. பழைய இரும்புக்காரர்கிட்ட போட்டுடாதீங்க. கவர்ல போட்டு, தேதி எழுதி, மடிக்காம வைங்க. பரண்ல பழைய சினிமா ரீல் கிடைச்சா அடுப்புப் பக்கம் கொண்டுபோகாதீங்க, கொளுத்தியும் பார்க்காதீங்க. புனே ஆவணக்காப்பகத்துக்குச் சொல்லுங்க.