கைலாசபுரத்தில் நின்றுபோன தோடி

திருச்சிக்குப் போகிறவர்கள் மலைக்கோட்டை ஏறுவார்கள், காவேரியைக் கடந்து ரங்கநாதரைச் சேவிப்பார்கள், திரும்பிவிடுவார்கள். கைலாசபுரத்தைப் பார்ப்பதற்கென்றே போய்வந்தவர் எவரையும் நான் சந்தித்ததில்லை. நானும் ஒரு கல்யாணத்தை முன்னிட்டுத்தான் போனேன்.

பெயரைக் கேட்டுப் பழைய சிவஸ்தலம் என்று எண்ணிவிட வேண்டாம். தஞ்சாவூர் சாலையில் திருவெறும்பூருக்கு அருகே, 1965-ஆம் வருஷம் வேலை தொடங்கிய பாரத மிகுமின் நிறுவனத்தின் கொதிகலன் ஆலையை ஒட்டி எழுந்த குடியிருப்பு அது. அகன்ற வீதிகள், இருபுறமும் நிழல் மரங்கள், வரிசை வரிசையாக வீடுகள். படித்தவர்கள், மாதச் சம்பளக்காரர்கள் வாழும் இடம். மாலை வேளையில் நடந்தால் ஒரு வீட்டில் பாட்டு, மறு வீட்டில் வயலின் என்று குழந்தைகளின் சாதகம் காதில் விழும். சங்கீதத்துக்கு இதைவிட நல்ல ஊர் ஏது என்று முதல் நாள் நினைத்தேன்.

மறுநாள் காலை கல்யாணம். முகூர்த்தத்துக்கு ஒரு மணி நேரம் முன்னால் நாதஸ்வர வித்வான் தோடியை எடுத்தார். நிதானமாக, அவசரமே இல்லாமல், படிப்படியாக ஏறிக்கொண்டிருந்தார். மண்டபத்தில் இருநூறு பேர் இருந்தோம். கேட்டவர்கள் நாலைந்து பேர் இருக்கலாம். திடீரென்று ஒலிபெருக்கி, முதல் பந்திக்கு இலை போட்டாயிற்று என்று முழங்கியது. நாற்காலிகள் நகர்ந்தன. தோடி அந்தரத்தில் நின்றுவிட்டது. அதன் பிறகு அவருக்கு இருந்த வேலையெல்லாம் கெட்டிமேளம்தான். முந்தின நாள் மாலை வரவேற்புக்கு மலையாள தேசத்திலிருந்து செண்டை வந்திருந்தது. அதைச் சுற்றிப் படம் பிடிக்கக் கூட்டம் முட்டி மோதிற்று. செண்டையின் மேல் எனக்குக் கோபமில்லை; அதுவும் உழைத்துக் கற்ற வித்தைதான்.

பிற்பகல் ஸ்ரீரங்கம் போகப் பஸ் ஏறினேன். பக்கத்து இடத்தில் மடியில் நாதஸ்வரப் பையோடு அந்த வித்வானே உட்கார்ந்திருந்தார்! கும்பகோணத்துக்கு அருகில் நரசிங்கம்பேட்டையில், ஆச்சா மரத்தில் கடைந்த வாத்தியம். தகப்பனார் காலத்தது என்றார்.

தோடியைப் பற்றிக் கேட்டேன். அவர் கோபித்துக்கொள்ளவில்லை.

"சன்மானத்தில் குறை சொல்ல மாட்டேன், ஐயா. பேசியதைக் கொடுத்துவிடுகிறார்கள். ஆனால் கால் மணிக்கு மேல் கேட்பார் இல்லாமல் வாசித்து வாசித்து, விரல் விஸ்தாரத்தையே மறந்துகொண்டு வருகிறது. பையன் அரசு இசைப்பள்ளியில் மூன்று வருஷம் நாதஸ்வரம் படிக்கிறான். சர்க்கார் சொல்லிக் கொடுக்கும். கேட்பதற்கும் சர்க்காரா வரும்?"

பொன்மலைப் பக்கம் பஸ் வரும்போது எனக்கு எஃப். ஜி. நடேசய்யர் நினைவு வந்தது. ரயில்வே உத்தியோகஸ்தர், ஜமீன்தாரோ சமஸ்தானாதிபதியோ அல்ல. அவர் 1914-இல் இவ்வூரில் தொடங்கிய ரஸிக ரஞ்சன சபையின் 'ஹரிச்சந்திரா' நாடகத்தில், சுமார் பத்து வயதுப் பாலகன் ஒருவன் லோகிதாசனாக மேடையேறினான். அவன்தான் பின்னாளில் எம். கே. தியாகராஜ பாகவதர். 1944-இல் வெளிவந்த அவருடைய 'ஹரிதாஸ்' சென்னையில் மூன்று தீபாவளிகளைக் கண்டது. பாகவதரைத் தமிழ்நாடே கொண்டாடியது. ஆனால் பெயர் தெரியாத சிறுவனாக அவன் நின்றபோது, வா, பாடு என்று சொன்னவர் சம்பளத்துக்கு உழைத்த ஒரு மனிதர்.

காவேரிப் பாலம் தாண்டியதும் ராஜகோபுரம் தெரிந்தது. 236 அடி, பதின்மூன்று நிலைகள். நூற்றாண்டுகளாக மொட்டையாக நின்றதை ஜனங்களின் காணிக்கையால் 1987-இல் கட்டி முடித்தார்கள். அதில் ஒரு நிலை இசையமைப்பாளர் இளையராஜா தந்தது. சங்கீதம் சம்பாதித்துக் கோபுரத்துக்குக் கொடுத்திருக்கிறது. கோபுரத்துக்கு அள்ளிக் கொடுத்த நாம் அதன் நிழலில் வாசிப்பவனுக்கு ஒரு மணி நேரம் காது கொடுக்கத் தயங்குகிறோம்.

உள்ளே போனால் வேறொரு காட்சியும் உண்டு. வைகுண்ட ஏகாதசியை ஒட்டிய பகல் பத்திலும் இராப்பத்திலும் அரையர் சேவை நடக்கும். கூம்பிய குல்லாயும் கைத்தாளமுமாக அரையர் ஆழ்வார்களின் பாசுரத்தைப் பாடி, அபிநயம் பிடித்து, வியாக்கியானமும் சொல்லுவார். நாதமுனிகள் ஏற்படுத்தியது என்பது ஸம்பிரதாயம். இது பிழைத்திருப்பதற்குக் காரணம் பக்தி மட்டுமல்ல என்று எனக்குத் தோன்றுகிறது. அவருக்கென்று ஒரு நாளும் ஒரு நாழிகையும் அங்கே ஒதுக்கியிருக்கிறார்கள். அந்த நாழிகையில் வேறு எதற்கும் இலை போட மாட்டார்கள்.

இதை வித்வானிடம் சொன்னேன். சிரித்தார். பஸ்ஸிலிருந்து இறங்கியதும் கைலாசபுரத்து நண்பருக்குத் தொலைபேசியில் பேசினேன். வீட்டுக்கு இருநூறு ரூபாய் வீதம் ஐம்பது வீடுகள் சேர்ந்தால், அடுத்த மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை இரண்டு மணி நேரம் இவரை வாசிக்கச் சொல்லலாம்; யாருக்கும் கல்யாணம் இல்லாத நாளாக இருக்கட்டும் என்றேன். நண்பர் சற்று யோசித்தார். தம் தெருவிலேயே முப்பது வீடுகளைப் பிடித்துவிடலாம், மீதிக்கு அடுத்த தெருவைக் கேட்கிறேன் என்றார்.

வித்வான் பையை மறு தோளுக்கு மாற்றிக்கொண்டார். "ஒலிபெருக்கி உண்டா, ஐயா?"

"கிடையாது."

"சாப்பாடு?"

"நீங்கள் வாசித்து முடித்த பிறகுதான்."

"அப்படியானால் பையனையும் அழைத்து வருகிறேன்" என்றார். "தோடியில் இன்னும் மேல் ஸ்தாயிக்கே போகவில்லை."