பெயருக்கு நடுவே மூன்றெழுத்து

பழைய ரோமானியக் கல்வெட்டுகளில் பெயர்களைப் பார்த்தால் நம்ம ஊர் இனிஷியல்தான் ஞாபகம் வரும். அப்பா பெயரின் சுருக்கம், அதையடுத்துப் பெரும்பாலும் ஒரு மூன்றெழுத்துச் சுருக்கம். அந்த மூன்றெழுத்து, அவர் ஓட்டுப் போடும் பிரிவின் பெயர். இப்படிப்பட்ட கல்வெட்டுகளைத் துருவி, எந்த ஊர்க்காரர் எந்தப் பிரிவு என்று தொகுத்தவர் லில்லி ராஸ் டெய்லர்.

1886-இல் அலபாமாவில் பிறந்த அமெரிக்கர். ரோமில் இருக்கும் அமெரிக்கன் அகாடமியில் 1917-இல் ஃபெல்லோ ஆன முதல் பெண். 1927 முதல் 1952 வரை பிரின் மார் கல்லூரியில் லத்தீன் பேராசிரியை. ஓய்வு பெற்ற பிறகும் மனுஷி சும்மா இருக்கவில்லை. ரோமக் குடியரசின் ஓட்டுப் பிரிவுகள் பற்றிய புத்தகம் 1960-இல் வந்தது. வாக்களிப்பு சபைகள் பற்றிய இன்னொன்று 1966-இல் வந்தபோது அவருக்கு வயது 80!

அவர் காட்டும் கணக்கு சுவாரசியமானது. மொத்தம் 35 பிரிவுகள். நகரத்துக்கு 4, கிராமப்புறத்துக்கு 31. ஒரு பிரிவில் பத்துப் பேர் வந்தாலும் ஆயிரம் பேர் வந்தாலும், முடிவில் அதற்கு ஒரே ஓட்டு. 18 பிரிவுகள் சேர்ந்தால் ஜெயம். ஆனால் ஓட்டுப் போட ரோமுக்கு நேரில் வந்தாக வேண்டும். கி.மு. 90-க்குப் பிறகு இத்தாலியர்களுக்கெல்லாம் குடியுரிமை கொடுத்தார்கள். வழிச்செலவை யார் கொடுப்பது? நிலத்தை விட்டுவிட்டு வர வசதியுள்ளவர்கள் வந்தார்கள்.

இதில் இன்னொரு விஷயம். பிரிவு பொதுவாக அப்பாவிடமிருந்து பிள்ளைக்கு வருவது. கிராமத்திலிருந்து ரோமுக்குப் பிழைக்க வந்தவன் பல சமயம் பழைய பிரிவிலேயே இருந்தான். வர முடியாத ஊர்க்காரர்கள் எல்லோருக்கும் சேர்த்து அவன் ஓட்டு பேசியது. அதனால் அவனுக்கு வேட்பாளர்களிடம் மவுசு.

நமக்கு அந்த மவுசெல்லாம் கிடையாது. படிவம் 8 கொடுத்துப் பெயரைக் குடியிருக்கும் ஊருக்கு மாற்றிக்கொள்ளலாம். எங்கள் வீட்டில் அந்தப் படிவம் நிரப்பப்படாமல் கிடக்கிறது. மாற்றினால் ஊரோடு இருக்கும் கடைசி நூலும் போய்விடும் என்கிறார் அப்பா. அவர் பயம் நியாயம்தான். ஆனால் தேர்தல் சமயத்தில் ரயில் டிக்கெட் கிடைக்காமல் போகிற ஓட்டு எந்த ஊருக்கும் உதவாது. டெய்லரைப் படித்த பிறகு எனக்கு அதில் சந்தேகமில்லை. அப்பாவிடம் எப்படிச் சொல்வது என்பதுதான் பாக்கி.

உங்கள் வீட்டில் என்ன முடிவு?